கரை கட்டியும் வெள்ளம் ஏன் வருகிறது? ஆற்று வெள்ளத் தடுப்பின் வரலாறு

“இரண்டாயிரம் ஆண்டுகளாகக் கரை போடுகிறார்கள், நூறு ஆண்டுகளாகப் பேரணை கட்டுகிறார்கள். அப்படியிருந்தும் பெரிய ஆறுகளின் வெள்ளம் ஏன் அடங்கவில்லை? இதுவரை செய்து பார்த்ததில் எது பலித்தது, எது பலிக்கவில்லை?” என்பது கேள்வி.

கரையை மட்டுமே நம்பிய ஆறுகளில் அந்தக் கரை ஒருநாள் உடைந்திருக்கிறது. படுகைக்குள் அடங்காத தண்ணீர் எந்த நிலத்தில் போய் நிற்க வேண்டும் என்பதை வெள்ளம் வருமுன்பே முடிவுசெய்து, அந்த நிலத்தைக் காலியாகவும் வைத்திருந்த இடங்களில் திட்டம் பெரும்பாலும் பலித்திருக்கிறது. காவிரியைத் தெரிந்தவர்களுக்கு ஒரே சொல் போதும்: கொள்ளிடம். முக்கொம்பில் பிரியும் அந்தக் கிளைதான் வெள்ளக் காலத்தில் பெரும்பகுதித் தண்ணீரைக் கடலுக்குக் கொண்டுபோகிறது. அகலமும் சரிவும் கூடுதல் என்பதால் தண்ணீர் தானாகவே அந்தப் பக்கம் சாயும். அந்தச் சாய்வு மிஞ்சிப்போய்க் காவிரிக்கே தண்ணீர் குறைந்ததால்தான் 1836-இல் ஆர்தர் காட்டன் கொள்ளிடத்தின் தலைப்பில் மேலணையைக் கட்டத் தொடங்கினார். வெள்ளத்தைக் கொள்ளும் இடம் என்று அந்தப் பெயருக்குப் பொருள் சொல்வார்கள். எந்த நாட்டு ஆற்றை எடுத்துக்கொண்டாலும், அதற்கு ஒரு கொள்ளிடம் இருக்கிறதா, இருந்தால் அது இப்போது யார் கையில் இருக்கிறது என்று பார்த்தாலே பாதி விஷயம் புரிந்துவிடும்.

கரை போட்டால் என்ன நடக்கிறது என்பதிலிருந்து தொடங்குகிறேன். சமவெளி ஆறு தன் படுகைக்குள் கொண்டுபோகும் அளவு நாம் நினைப்பதைவிடக் குறைவு. இயல்பாக விட்டால் ஒன்றிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை கரை வழிந்து இரு பக்கமும் பரவும். அப்படிப் பரவுவதால் இரண்டு காரியம் நடக்கிறது. உச்ச வெள்ளம் நிலத்தில் தேங்கி மெதுவாக வடிவதால் கீழே உள்ள ஊர்களுக்கு நீர்மட்டம் குறைவாகவே போய்ச் சேர்கிறது. வண்டலும் படுகையில் படியாமல் வயலில் படிகிறது. கரை போட்டதும் இரண்டும் நின்றுபோகின்றன. அதே அளவு தண்ணீர் குறுகிய வழியில் போவதால் மட்டம் உயர்கிறது, வண்டல் உள்ளேயே படிந்து படுகை உயர்கிறது. அதற்கு ஈடாகக் கரையை உயர்த்துகிறார்கள், படுகை மறுபடியும் உயர்கிறது. இதற்கிடையே கரையை நம்பி அதன் அடியிலேயே ஊர் வளர்ந்துவிடுகிறது. முன்பு முழங்கால் அளவுத் தண்ணீர் மெதுவாக ஏறிய இடத்தில், உடைப்பு எடுத்தால் ஆளை அடித்துக்கொண்டு போகும் வேகத்தில் தண்ணீர் பாய்கிறது.

இதன் முழு வடிவத்தையும் சீனாவின் மஞ்சள் ஆற்றில் பார்க்கலாம். லோயஸ் மேட்டுநிலத்தின் மென்மையான மண்ணை அரித்துக்கொண்டு வரும் அந்த ஆறு, கடந்த நூற்றாண்டின் நடுப்பகுதி வரை ஆண்டுக்குச் சராசரியாக 160 கோடி டன் மண் சுமந்தது. சமவெளியில் இறங்கிச் சரிவு குறைந்ததும் அதில் ஒரு பங்கு படுகையிலேயே தங்கும். இன்று கீழ்ப்பகுதியில் பல மைல் தூரத்துக்கு ஆற்றின் படுகை சுற்றியுள்ள நிலத்தைவிடப் பல மீட்டர் உயரத்தில் இருக்கிறது. கைஃபெங் நகரத்தில் நிற்பவருக்கு ஆறு தலைக்கு மேலே ஓடுகிறது என்பது வெறும் பேச்சு இல்லை. இப்படிப்பட்ட ஆற்றில் கரை உடைந்தால் தண்ணீர் திரும்பிப் படுகைக்கு வராது. படுகைதான் மேடு, நாடுதான் பள்ளம். சீன ஆவணங்களின் கணக்கில் 2,500 ஆண்டுகளில் 1,500-க்கும் மேற்பட்ட உடைப்புகள், 26 பெரிய தடமாற்றங்கள். 1855-இல் ஆறு ஷாண்டோங் தீபகற்பத்தின் தெற்கிலிருந்து வடக்குக்கு மாறியது. கழிமுகமே நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நகர்ந்துவிட்டது. 1887-இல் ஜெங்ஜோ அருகே உடைத்தபோது இறந்தவர்கள் குறைந்தது 9 லட்சம் என்று மதிப்பிடுகிறார்கள்.

அந்தக் கரையை மனிதர்களே போருக்காக வெட்டியதும் உண்டு. 1128-இல் ஜுர்சென் படையை நிறுத்த சோங் அரசு வெட்டியது. 1938 ஜூனில் ஜப்பானியப் படையை நிறுத்த ஹுவாயுவான்கோவில் தேசியவாத அரசு வெட்டியது. அந்த உடைப்பு அடைபட 1947 ஆயிற்று. ஒன்பது ஆண்டுகள் ஆறு தன் இஷ்டத்துக்கு ஓடியது. செத்தவர்கள் பல லட்சம் சொந்த நாட்டு விவசாயிகள்.

இந்த ஆற்றுக்கு யோசனை இல்லாமல் இருந்ததில்லை. 16ஆம் நூற்றாண்டில் மிங் அரசின் ஆற்றதிகாரி பான் ஜிஷுன், படுகையைக் குறுக்கினால் வேகம் கூடும், வேகம் கூடினால் தண்ணீரே மண்ணை அரித்துக் கடலுக்குக் கொண்டுபோகும் என்று வாதிட்டார். கோட்பாடு சரி. ஆனால் அவர் குறுகிய கரையை மட்டும் கட்டவில்லை. அதற்கு வெகுதூரம் தள்ளி இரண்டாவது கரை, இரண்டுக்கும் நடுவே குறுக்குக் கரைகள், மிகுதி வெள்ளம் வழிய ஆங்காங்கே கல் கலிங்குகள் என்று நான்கையும் சேர்த்துத்தான் அமைத்தார். பின்னால் வந்தவர்கள் குறுகிய கரையை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதைப் பராமரிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதை மஞ்சள் ஆறு பலமுறை காட்டியிருக்கிறது.

இருபதாம் நூற்றாண்டில் அணையால் இதைத் தீர்க்கலாம் என்று சான்மென்சியாவைக் கட்டினார்கள். நீரியல் பேராசிரியர் ஹுவாங் வான்லி 1957-லேயே எதிர்த்தார். கட்டியே தீருவதானால், கட்டுமானத்தின்போது வைத்த அடிமட்டத் திறப்புகளையாவது அடைக்காமல் விடுங்கள், மண் போக வழி வேண்டும் என்றார். கேட்கவில்லை, கான்கிரீட் போட்டு அடைத்தார்கள். 1960-இல் நீர் தேக்கினார்கள். ஒன்றரை ஆண்டில் 150 கோடி டன் அளவுக்கு மண் நீர்த்தேக்கத்தில் படிந்தது. பின்னோக்கி ஏறிய படிவு துணையாறான வெய் ஆற்றின் வாயை உயர்த்த, சியான் நகரத்துக்கே வெள்ள ஆபத்து வந்தது. பிறகு பெருஞ்செலவில் சுரங்கவழி குடைந்து, அடைத்த திறப்புகளையும் உடைத்தெடுத்தார்கள். அந்தப் பாடம் 2001-இல் முடிந்த சியாலாங்டி அணையில் பயன்பட்டது. 2002 முதல் அங்கே மழைக்காலத் தொடக்கத்தில் தண்ணீரைக் கணக்காகத் திறந்து, கீழ்ப்படுகையில் கிடக்கும் மண்ணை அடித்துக் கடலுக்குத் தள்ளுகிறார்கள். அதன்பின் கீழ்ப்படுகை உயராமல், இறங்கவும் தொடங்கியிருக்கிறது.

அதே நாட்டில், கி.மு. 256 வாக்கில் லி பிங் மின் ஆற்றில் அமைத்த துஜியாங்யான் இன்னும் வேலை செய்கிறது. அதற்கு அணை கிடையாது. மீன் வாய் போன்ற கூர்முனைத் திட்டு ஆற்றை இரண்டாகப் பிரிக்கிறது. உள்ளாறு குறுகல், ஆழம். வெளியாறு அகலம், ஆழம் குறைவு. தண்ணீர் குறைந்த காலத்தில் ஆழமான உள்ளாற்றுக்கு ஏறக்குறைய ஆறு பங்கு போய்ப் பாசனத்துக்கு உதவும். வெள்ளத்தில் கணக்கு தலைகீழாகி ஆறு பங்கு அகலமான வெளியாற்றில் போய்விடும். உள்ளாற்றுக்கு வந்ததிலும் மிகுதி இருந்தால், சுமார் 2 மீட்டர் உயரமே உள்ள ஒரு தாழ்ந்த கலிங்கு வழியாக வெளியேறும். அந்த இடத்தில் ஆறு வளைவதால் சுழற்சியில் மணலும் கூழாங்கல்லும் கலிங்கின் மேல் தூக்கியெறியப்பட்டு வெளியாற்றுக்குப் போகின்றன. கடைசியில் பாறையில் வெட்டிய குறுகிய வாய், அது கொள்ளும் அளவுக்கு மேல் செங்டு சமவெளிக்குள் விடாது. லி பிங்கின் அமைப்பில் கதவும் இல்லை, திறப்பதா மூடுவதா என்று இரவு இரண்டு மணிக்கு யாரும் முடிவெடுக்க வேண்டியதும் இல்லை.

இதைப் புகழ்ந்து எழுதுபவர்கள் பராமரிப்பை மறந்துவிடுவார்கள். “படுகையை ஆழமாகத் தோண்டு, கலிங்கைத் தாழ்வாகக் கட்டு” என்பது அங்கே பரம்பரையாக வரும் விதி. குளிர்காலத்தில் முக்காலித் தடுப்பு வைத்து ஒரு பக்கத்தை அடைத்து, தூர் வாரிவந்தார்கள். எவ்வளவு ஆழம் போக வேண்டும் என்பதில் வாதம் வரக்கூடாது என்று படுகைக்குள் இரும்புத் தண்டுகளைப் புதைத்து வைத்திருக்கிறார்கள். மண்வெட்டி அதில் முட்டும்வரை வேலை முடிந்ததாகக் கணக்கில்லை.

இப்போது மிசிசிப்பி. கரை மட்டும் போதும் என்ற கொள்கையை அரசே கையில் எடுத்து, ஐம்பது ஆண்டு தளராமல் நடத்தி, ஒரே பருவத்தில் மொத்தமாகத் தோற்ற இடம் அது. 1879-இல் அமைந்த மிசிசிப்பி ஆற்று ஆணையம், பக்கக் கலிங்குகளும் வெள்ளத் தேக்கங்களும் தேவையில்லை, எல்லாத் தண்ணீரையும் கரைக்குள் நிறுத்தினால் ஆறே தன்னை ஆழப்படுத்திக்கொள்ளும் என்ற முடிவுக்கு வந்தது. இயற்கையாக வழிந்த கிளைகளை ஒவ்வொன்றாக அடைத்தார்கள். ஆறு எதிர்பார்த்த அளவுக்கு ஆழமாகவில்லை. ஒவ்வொரு பெருவெள்ளத்துக்கும் பிறகு கரையை உயர்த்தினார்கள். இனி அழிவு வெள்ளம் வராது என்று 1926-இல் ராணுவப் பொறியாளர் துறை அறிக்கையே சொன்னது.

1927 ஏப்ரல் 21 காலையில் மிசிசிப்பி மாநிலத்தின் மவுண்ட்ஸ் லேண்டிங்கில் கரை போனது. கீழே உள்ள கிரீன்வில் நகரம் உட்பட அந்தப் பருவத்தில் மூழ்கிய பரப்பு சுமார் 70,000 சதுர கிலோமீட்டர். ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வீடிழந்தார்கள். அரசுக் கணக்கில் சாவு 246. உண்மையில் இன்னும் அதிகம். கிரீன்வில்லில் ஆயிரக்கணக்கான கறுப்பினத் தொழிலாளர்களைக் கப்பலேற விடாமல் கரையின் மேலேயே முகாமில் நிறுத்தி, காவல் போட்டு வேலை வாங்கினார்கள். ஏப்ரல் 29-இல் நியூ ஆர்லியன்ஸைக் காக்க என்று அதற்குக் கீழே கார்நார்வனில் வெடி வைத்துக் கரையை உடைத்தார்கள். அந்தப் பகுதி மீனவர்களும் தோல் வேட்டைக்காரர்களும் இழந்ததற்குத் தருவதாகச் சொன்ன ஈட்டில் பெரும்பகுதி வந்து சேரவில்லை. மேலே ஏற்கெனவே பல இடங்களில் உடைத்துக்கொண்டதால், அந்த வெடியே தேவைப்படாமல் போயிருக்கும் என்பதுதான் பின்னால் தெரிந்தது. கொள்ளிடத்தை முன்கூட்டியே குறித்து வைக்காத ஆற்றில், கடைசி நேரத்தில் எளியவர்களின் ஊரே கொள்ளிடமாகும்.

1928 சட்டம் கொள்கையை மாற்றியது. கரை இருக்கட்டும், ஆனால் எங்கெங்கே வெளியே விடுவது என்பதும் திட்டத்தில் இருக்க வேண்டும் என்றது. அதன்படி 1931-இல் முடிந்தது பானே காரே வெள்ளப்போக்கி. ஒன்றரை மைல் நீளத்தில் 350 கண்கள். ஒவ்வொரு கண்ணிலும் செங்குத்தாக நிற்கும் 20 கனத்த மரக்கட்டைகள், மொத்தம் 7,000. திறக்க வேண்டுமானால் மேலே தண்டவாளத்தில் ஓடும் கிரேன், கட்டைகளை ஒவ்வொன்றாகக் கழற்றிப் படுக்க வைக்கும். முழுவதும் திறந்தால் வினாடிக்கு 2.5 லட்சம் கனஅடி பாண்ட்சார்ட்ரெயின் ஏரிக்குப் போகும். நியூ ஆர்லியன்ஸில் ஓட்டம் 12.5 லட்சம் கனஅடியைத் தாண்டப் போகிறது என்றால் திறக்க வேண்டும் என்பது எழுதி வைத்த விதி. இதற்கும் விலை உண்டு. 2019-இல் இரண்டு முறையாக நூறு நாளுக்கு மேல் திறந்து வைத்தபோது உப்பங்கழியில் நன்னீர் நிரம்பிச் சிப்பிகள் கூட்டமாகச் செத்தன. மேலே பேர்ட்ஸ் பாயிண்ட்டில் வேறு ஏற்பாடு. அங்கே கரைக்குள் குழாய் பதித்து வைத்திருக்கிறார்கள். தேவைப்பட்டால் திரவ வெடிமருந்தை அதில் செலுத்தி வெடிப்பார்கள். 2011 மே 2 அன்று அப்படி வெடித்து, 1,30,000 ஏக்கர் விளைநிலத்தை மூழ்கவிட்டு, இலினாய் மாநிலத்தின் கெய்ரோ நகரத்தையும் சுற்றுக் கரைகளையும் காப்பாற்றினார்கள். அந்த நிலத்தின் மீது வெள்ள உரிமையை அரசு முன்பே விலை கொடுத்து வாங்கியிருந்தது.

கரை எப்படி உடைகிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். தண்ணீர் மேலே வழிந்தால்தான் உடையும் என்ற நினைப்பில் பலர் கரையின் உச்சியை மட்டும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். வழிதல் ஒரு வகை: வயல்பக்கச் சரிவில் ஓடும் தண்ணீர் கீழிருந்து மேலாக அரித்துக்கொண்டே வந்து உச்சியை வெட்டிவிடும். ஆற்றுப்பக்கம் வளைவில் மோதும் நீரோட்டம் அடிக்காலை அரித்தால் கரை அப்படியே சரியும். வெள்ளம் வேகமாக இறங்கும்போதும் சரியும், ஏனென்றால் ஊறிய மண்ணைத் தாங்கிப் பிடித்திருந்த தண்ணீர் இப்போது இல்லை. ஆபத்து விலகியது என்று எல்லோரும் வீட்டுக்குப் போன பிறகு நடப்பது இது.

நான்காவதுதான் மோசமானது: கரைக்கு அடியில் நுழைந்து வரும் ஊற்று. பழைய மணல் படுகையின் மேல் போட்ட கரைகளில், ஆற்று நீரின் அழுத்தம் மணல் வழியாக வந்து வயல்பக்கம் கொப்பளிக்கும். சோறு கொதிப்பதுபோல் மணலைக் கிளப்பிக்கொண்டு, சுற்றிலும் எறும்புப் புற்று மாதிரி மணல் வட்டம் கட்டும். வரும் தண்ணீரைக் கையில் அள்ளிப் பார்க்க வேண்டும். தெளிவாக இருந்தால் கண்காணித்தால் போதும். கலங்கலாக இருந்தால் கரையின் அடி கரைந்து வருகிறது என்று அர்த்தம். உள்ளே குழாய்போல் ஓட்டை நீள்கிறது. இங்கே எல்லோரும் செய்யும் தவறு, மூட்டைகளைப் போட்டு ஊற்றை அமுக்கி அடைப்பது. அழுத்தம் குறையாததால் அது இரண்டடி தள்ளி வேறு இடத்தில் வெடிக்கும். சரியான முறை, ஊற்றைச் சுற்றி மண்மூட்டைகளால் கிணற்று வளையம்போல் சுவர் எழுப்பி உள்ளே தண்ணீரை நிற்க விடுவது. உள்ளே மட்டம் உயர உயர எதிர் அழுத்தம் கூடும். கலங்கல் நின்று தெளிந்த நீர் வரும் உயரத்தில் ஒரு வழிவாய் விட்டு நிறுத்திவிட வேண்டும். நீரோட்டத்தை முழுக்க நிறுத்தக் கூடாது. வளையத்தின் அடி அகலம் உயரத்தைப்போல் ஒன்றரை மடங்காவது வேண்டும்.

கரையின் மேல் தற்காலிகமாக மூட்டை அடுக்குவதானால் அடி அகலம் உயரத்தைப்போல் மூன்று மடங்கு. மூட்டையைப் பாதியிலிருந்து மூன்றில் இரண்டு பங்கு வரை மட்டும் நிரப்ப வேண்டும். முழுக்க நிரப்பினால் உருண்டையாகி இடைவெளி விழும். வாயை மடித்து ஆற்றைப் பார்க்க வைத்து, செங்கல் வரிசைபோல் மூட்டு மாற்றி அடுக்கி, ஒவ்வொரு வரிசையையும் மிதித்து இறுக்க வேண்டும். மரவேரும் எலி வளையும் சாதாரணக் காலத்தில் கண்ணில் படாது. வெள்ளத்தில் அவைதான் முதல் ஊற்றுக்கண்.

பீகாரின் கோசி ஆறு இதையெல்லாம் ஒரே இடத்தில் காட்டுகிறது. இமயத்திலிருந்து மண் கொண்டுவரும் அந்த ஆறு இருநூறு ஆண்டுகளுக்குச் சற்று மேற்பட்ட காலத்தில் நூறு கிலோமீட்டருக்கு மேல் மேற்கே நகர்ந்தது. 1950-களில் இருபுறமும் கரை போட்டு அதை நிறுத்தினார்கள். இரண்டு கரைகளுக்கும் நடுவே முந்நூறுக்கும் மேற்பட்ட கிராமங்கள் சிக்கிக்கொண்டன. அவர்களுக்கு ஒவ்வோர் ஆண்டும் வெள்ளம் நிச்சயம். கரைக்கு வெளியே இருந்தவர்களுக்கு வேறு தொல்லை: மழைத் தண்ணீர் ஆற்றில் வடிய முடியாமல் கரை தடுத்தது. மதகு வைத்த இடங்களிலும் ஆற்று மட்டம் உயர்ந்திருக்கும்போது திறக்க முடியாது. வண்டல் அடைத்த பிறகு எப்போதுமே முடியாது. 1954-இல் பீகாரில் சுமார் 160 கிலோமீட்டர் கரை இருந்தது, வெள்ளம் பாதிக்கும் நிலம் 25 லட்சம் ஹெக்டேர். கரை 3,400 கிலோமீட்டரைத் தாண்டிய பிறகு அந்தப் பரப்பு 68 லட்சம் ஹெக்டேருக்கு மேல் என்று அரசுக் கணக்கே சொல்லிற்று.

2008 ஆகஸ்டு 18 அன்று நேபாளத்தின் குசஹாவில் கோசியின் கிழக்குக் கரை உடைந்தபோது ஆற்றில் ஓடியது சுமார் 1.44 லட்சம் கனஅடி. அந்தக் கரை தாங்க வேண்டியதாகக் கணக்கிட்டது 9.5 லட்சம். அதாவது அது பெருவெள்ளமே கிடையாது. கரையைக் காக்க ஆற்றுக்குள் நீட்டியிருந்த தடுப்புகள் அதற்குச் சில நாள் முன்பிருந்தே அரிபட்டுக்கொண்டிருந்தன. ஆறு தான் எப்போதோ விட்டுவந்த பழைய தடத்தில் கிழக்கே இறங்கியது. அங்கே வெள்ளத்தையே மறந்து குடியிருந்த முப்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் மாட்டிக்கொண்டார்கள்.

அணைகள் விஷயத்தில் என் கருத்து, அவை பயனுள்ளவை, ஆனால் காலியாக இருக்கும் அளவுக்கு மட்டும். பாசனத்துக்கும் மின்சாரத்துக்கும் நீர்த்தேக்கம் நிரம்பியிருக்க வேண்டும், வெள்ளத் தடுப்புக்குக் காலியாக இருக்க வேண்டும். ஒரே அணையில் இரண்டையும் கேட்டால், மழை தாமதிக்கும் ஆண்டில் நிரப்பும் பக்கமே ஜெயிக்கும். தாமோதர் நதியில் 1943 வெள்ளத்துக்குப் பிறகு, அமெரிக்காவின் டென்னசி பள்ளத்தாக்குத் திட்டத்தை மாதிரியாக வைத்து 1948-இல் ஒரு கழகம் அமைந்தது. வினாடிக்கு 10 லட்சம் கனஅடி வெள்ளம் வந்தாலும் கீழே 2.5 லட்சமே போக வேண்டும் என்பது கணக்கு. திட்டமிட்ட அணைகளில் 1953 முதல் 1959 வரை நான்குதான் முடிந்தன. மைத்தான், பாஞ்செட் அணைகளில் மேல்மட்டம் வரை நிலம் எடுக்காததால் வெள்ளத்துக்கென்று ஒதுக்கிய கொள்ளளவும் முழுதாகக் கிடைக்கவில்லை. சின்ன வெள்ளங்கள் நின்றதால் கீழ்ப்படுகை தூர்ந்து, அதற்குள்ளேயே பயிரும் வீடும் வந்தன. இப்போது 2.5 லட்சத்துக்கு வெகு கீழான அளவு திறந்தாலே கீழ்ப்பகுதி மூழ்குகிறது.

அளவும் முக்கியம். யாங்சே ஆற்றின் முப்பள்ளத்தாக்கு அணை மின் உற்பத்தித் திறனில் உலகிலேயே பெரியது. மழைக்காலத்துக்கு முன் நீர்மட்டத்தை 175 மீட்டரிலிருந்து 145 மீட்டருக்கு இறக்கி, 2,215 கோடி கன மீட்டர் இடத்தைக் காலி செய்கிறார்கள். இந்த ஒழுங்கு பாராட்டத்தக்கது. ஆனால் 1954 வெள்ளத்தில் அந்த ஆற்றின் படுகைக்குள் அடங்காமல், திறந்து விட்டதும் உடைத்துக்கொண்டதுமாக வெளியேறிய நீர் 10,000 கோடி கன மீட்டருக்கு மேல். அவ்வளவு பெரிய அணையும் அதில் ஐந்தில் ஒரு பங்கைத்தான் பிடிக்கும். மிச்சத்துக்கு நிலம் வேண்டும். அப்படிப்பட்ட நிலமாகத்தான் 1952-இலேயே ஜிங்ஜியாங் வெள்ளத் தேக்கப் பகுதியை 75 நாளில் மூன்று லட்சம் பேரை வைத்துக் கட்டினார்கள். கொள்ளளவு சுமார் 540 கோடி கன மீட்டர். வினாடிக்கு 10,000 கன மீட்டர் வீதம் உள்ளே விட்டால் ஆறே நாளில் நிரம்பிவிடும். அதனால் உச்சம் வருவதற்கு முன்பே திறந்து நிரப்பிவிட்டால் பயன் போச்சு. உச்சத்தின் தலையை மட்டும் சீவ வேண்டும். 1954-இல் மூன்று முறை திறந்தார்கள். 1998-இல் லட்சக்கணக்கானவர்களை வெளியேற்றிவிட்டுக் காத்திருந்தார்கள், கடைசிவரை திறக்கவில்லை. இடைப்பட்ட காலத்தில் தேக்கப் பகுதிக்குள் ஐந்து லட்சம் பேர் குடியிருந்தார்கள். மறுபடி வெள்ளம் விட முடியாத கொள்ளிடமாக அது மாறிக்கொண்டிருந்தது.

அணை தாங்காவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு 1975 ஆகஸ்டு போதும். ஹெனான் மாகாணத்தில் ஒரு புயல் ஒரே நாளில் 1,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டியது. பான்ச்சியாவ் அணையோடு சேர்த்து 62 அணைகள் உடைந்தன. அரசுக் கணக்கில் 26,000 பேர் மூழ்கி இறந்தார்கள். பின்வந்த பசி, நோய்ச் சாவுகள் அதற்கு மேல்.

அமெரிக்காவின் டேட்டன் நகரம் எடுத்த வழி எனக்கு மிகவும் பிடித்தது. 1913 மார்ச் வெள்ளத்தில் அந்தப் பள்ளத்தாக்கில் முந்நூறுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். பொறியாளர் ஆர்தர் மார்கன் 1913-இல் ஓடியதைவிட 40 சதவீதம் அதிக வெள்ளத்துக்குக் கணக்கிட்டு, ஐந்து உலர் அணைகளைக் கட்டினார், 1922-இல் முடிந்தன. உலர் அணையில் நீர்த்தேக்கமே கிடையாது. அடியில் கதவில்லாத கான்கிரீட் வாய். சாதாரண நாளில் ஆறு தடையின்றி அதன் வழியே போகும். வெள்ளத்தில் அந்த வாய் கொள்ளும் அளவே வெளியேறும், மிச்சம் பின்னால் தேங்கித் தானே வடியும். பின்னால் உள்ள நிலத்தில் விவசாயம் நடக்கிறது, வீடு கட்ட முடியாது; அந்த உரிமையை வாங்கி வைத்திருக்கிறார்கள். மின்சாரமும் பாசனமும் இல்லாததால் நிரப்பி வைக்கச் சொல்ல யாரும் இல்லை. அன்று முதல் டேட்டனுக்கு அப்படி ஒரு வெள்ளம் வரவில்லை.

புறவழிகளும் இதே குணம் உடையவை. கலிபோர்னியாவின் சாக்ரமெண்டோ ஆற்றில் 1907, 1909 வெள்ளங்களுக்குப் பிறகு கரைவாதிகள் தோற்று, யோலோ புறவழி வந்தது. ஆற்று மட்டம் ஓர் அளவைத் தாண்டியதும் ஃப்ரீமாண்ட் கலிங்கின் மேல் தானாக வழிந்து, மைல் கணக்கில் அகலமான வயல்வெளி வழியே போகும். பெருவெள்ளத்தில் ஆற்றைவிடப் பல மடங்கு தண்ணீர் புறவழியில்தான் ஓடுகிறது. கோடையில் அங்கே நெல் விளைகிறது. கனடாவின் வின்னிபெக்கில் 1950 வெள்ளத்துக்குப் பிறகு நகரைச் சுற்றி 47 கிலோமீட்டர் வெள்ளக் கால்வாய் வெட்டினார்கள், 1968-இல் முடிந்தது. வெட்டும்போது வீண்செலவு என்று ஏசினார்கள். 1997-இல் நகரம் தப்பியது அதனால்தான்.

நெதர்லாந்து பல நூற்றாண்டுகளாகக் கரையை உயர்த்தியே வாழ்ந்த நாடு. 1995-இல் ரைன் கிளைகள் ஏறியபோது கரை உடையும் அச்சத்தில் இரண்டரை லட்சம் பேரை வெளியேற்ற நேர்ந்தது. அதன்பின் அவர்கள் திசை மாற்றி, முப்பதுக்கும் மேற்பட்ட இடங்களில் ஆற்றுக்குக் கூடுதல் இடம் விட்டார்கள். நைமேகனில் எதிர்க்கரையை 350 மீட்டர் உள்ளே நகர்த்திப் பக்கவாட்டில் ஒரு கிளையாறு வெட்டினார்கள். உச்ச வெள்ள மட்டம் 35 சென்டிமீட்டர் அளவுக்கு இறங்கியது. சிறிதாகத் தோன்றும், ஆனால் விளிம்பு வரை நிற்கும் ஆற்றில் அந்த ஒன்றரைச் சாண்தான் உடைப்புக்கும் உடையாமைக்கும் உள்ள தூரம். அதற்காக ஐம்பது வீடுகள் இடிந்தன. ஓவர்டீப்ஸ பகுதியில் விவசாயிகளே முன்வந்து, மண்மேடுகள் எழுப்பி வீட்டையும் தொழுவத்தையும் மேலேற்றிக்கொண்டு, வயலை வெள்ளத்துக்குத் திறந்துவிட ஒப்புக்கொண்டார்கள்.

ஒரு திட்டத்தை எடைபோட விரும்பினால் முதலில் அது எந்த அளவு வெள்ளத்துக்குக் கட்டியது என்று கேளுங்கள். “நூறாண்டு வெள்ளம்” என்றால் இனி நூறு ஆண்டுக்கு வராது என்று பொருள் இல்லை. ஒவ்வோர் ஆண்டும் நூற்றில் ஒரு வாய்ப்பு. முப்பது ஆண்டு ஒரே வீட்டில் இருப்பவருக்கு அது நான்கில் ஒன்றுக்குச் சற்று மேல். அந்த அளவை மீறினால் தண்ணீர் எங்கே போகும் என்று வரைபடத்தில் காட்டச் சொல்லுங்கள். காட்ட முடியவில்லை என்றால் கரை எங்கே பலவீனமோ அங்கே போகும். காட்டிய நிலத்தில் இப்போது என்ன இருக்கிறது, அங்கே பயிர் வைப்பவருக்கு என்ன எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், கரைக்கு இந்தப் பக்கம் பெய்யும் மழை வடிய மதகோ பம்போ உண்டா என்று பாருங்கள். கடைசியாகத் தூர் வாரும் கணக்குப் புத்தகத்தைக் கேளுங்கள்: எந்த ஆண்டு, எந்த இடத்தில், எவ்வளவு ஆழம், எந்த இரும்புத் தண்டு வரை.